சமரசம் முடிந்தது, வழக்கு முடியவில்லை: கடலூர், புதுச்சேரி குடும்பங்களுக்கு ஒரு வழிகாட்டி

கணவன் மனைவி தகராறில் பெரியவர்கள் உட்கார்ந்து பேசி, சீர் சாமான் திரும்பி, பணம் கைமாறி, இரு தரப்பும் கையெழுத்துப் போட்டு எழுந்துவிட்டால் எல்லாம் தீர்ந்தது என்றுதான் பெரும்பாலானவர்கள் நினைக்கிறார்கள். பல மாதங்கள் கழித்துப் பாஸ்போர்ட்டைப் புதுப்பிக்கப் போகும்போதோ, காவலர் பிடிவாரண்டோடு வாசலில் வந்து நிற்கும்போதோதான், மனைவி தரப்புப் புகாரில் பதிவான குற்ற வழக்கு அப்படியே உயிரோடு இருப்பது தெரிகிறது. அந்த நிலைமை யாருக்கும் வரக்கூடாது என்பதற்காகவே இந்தக் கட்டுரை. கணவர் வீட்டாருக்கும் மனைவி வீட்டாருக்கும் சேர்த்தே எழுதுகிறேன். இருவருமே இதில் அவசரப்பட்டு ஏமாறுகிறார்கள்.

வழக்கு யாருடையது?

புகார் கொடுத்தவர் மனைவி, ஆகவே அவர் வாபஸ் வாங்கினால் போதும் என்பது ஊரெங்கும் உள்ள நம்பிக்கை. முதல் தகவல் அறிக்கை (எஃப்.ஐ.ஆர்.) பதிவானதுமே அது அரசு நடத்தும் வழக்காகிவிடுகிறது. மனைவி அதில் புகார்தாரர், முக்கியச் சாட்சி, அவ்வளவே. சில குற்றங்களை மட்டும் சம்பந்தப்பட்டவர்களே நீதிமன்றத்தில் சமரசம் செய்துகொள்ளச் சட்டம் இடம் தருகிறது. அந்தப் பட்டியல் பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் 320-ஆம் பிரிவாக இருந்தது. இப்போதைய பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவில் 359-ஆம் பிரிவு. கணவரும் அவருடைய உறவினரும் கொடுமைப்படுத்துவதைத் தண்டிக்கும், பழைய இந்திய தண்டனைச் சட்டத்தின் 498ஏ பிரிவு அந்தப் பட்டியலில் இல்லை. 2024 ஜூலை 1 முதல் அதற்கு இணையாக வந்திருக்கும் பாரதிய நியாய சன்ஹிதாவின் 85-ஆம் பிரிவும் இல்லை. ஆந்திரத்தில் 2003-இல் மாநிலத் திருத்தம் செய்து, நீதிமன்ற அனுமதியோடு சமரசம் செய்துகொள்ள வழி திறந்தார்கள். தமிழ்நாட்டிலும் புதுச்சேரியிலும் அந்த வழி கிடையாது.

ஆகவே கடலூரிலோ புதுச்சேரியிலோ உள்ள நடுவர் (மாஜிஸ்திரேட்) நீதிமன்றம், நீங்கள் இருவரும் கைகோத்துப் போய் நின்றாலும், 498ஏ வழக்கைச் சமரசத்தின் பேரில் மூட முடியாது. லோக் அதாலத்தாலும் முடியாது. சமரசத்துக்கு உரியதல்லாத குற்றங்களைத் தொட அதற்கு அதிகாரம் இல்லை. ஜீவனாம்ச வழக்கையும் நகை, பணம் தொடர்பான உரிமையியல் வழக்கையும் அங்கே முடித்துக்கொள்ளலாம். அப்படி முடித்துவிட்டு, குற்ற வழக்கும் சேர்ந்து முடிந்ததாக நினைத்து வீட்டுக்குப் போனவர்கள் உண்டு.

வழி உயர் நீதிமன்றத்தில் இருக்கிறது. நீதியின் நோக்கத்தைக் காப்பதற்காக எந்தக் குற்ற நடவடிக்கையையும் ரத்து செய்யும் உள்ளார்ந்த அதிகாரம் அதற்கு உண்டு. முன்பு அது 482-ஆம் பிரிவு, இப்போது 528-ஆம் பிரிவு. குடும்ப வழக்குகளில் சமரசம் ஏற்பட்டால் இந்த அதிகாரத்தைப் பயன்படுத்தலாம், 320 அதற்குத் தடையாகாது என்று உச்ச நீதிமன்றம் பி.எஸ். ஜோஷி எதிர் ஹரியானா அரசு வழக்கில் 2003-இல் சொன்னது. 2012-இல் கியான் சிங் எதிர் பஞ்சாப் அரசு வழக்கில் மூன்று நீதிபதிகள் அமர்வு அதை உறுதி செய்தது. இதைத்தான் வக்கீல்கள் ‘குவாஷ் மனு’ என்கிறார்கள்.

முதலில் உங்கள் வழக்கு எங்கே நிற்கிறது என்று பாருங்கள்

அனைத்து மகளிர் காவல் நிலையத்தில் கொடுத்த மனுவுக்கு ரசீது மட்டும் தந்து, இரு தரப்பையும் அழைத்துப் பேசிக்கொண்டிருந்தால், உங்களிடம் இருப்பது சி.எஸ்.ஆர். எண். வழக்கு இன்னும் பதிவாகவில்லை. திருமணத் தகராறுகளில் வழக்குப் பதிவதற்கு முன் பூர்வாங்க விசாரணை நடத்தலாம் என்று உச்ச நீதிமன்றமே 2013-இல் அனுமதித்திருக்கிறது. இந்தக் கட்டத்தில் சமரசம் ஆனால் நிலையத்திலேயே எழுதிக் கொடுத்து முடிக்கலாம். மனு முடித்துவைக்கப்பட்டதற்கான நகலை மட்டும் மறக்காமல் வாங்குங்கள்.

முதல் தகவல் அறிக்கை பதிவாகியிருந்தால் குற்ற எண்ணும் ஆண்டும் இருக்கும். குற்றப்பத்திரிகை தாக்கலாகி நடுவர் கோப்பில் எடுத்துக்கொண்டிருந்தால் சி.சி. எண் இருக்கும். குவாஷ் மனுவில் எதை ரத்து செய்யக் கேட்கிறோம் என்பது இந்த எண்ணைப் பொறுத்தது. குற்றப்பத்திரிகை தாக்கலான பிறகு வெறும் குற்ற எண்ணை வைத்து மனுப் போட்டால் அலைச்சல்தான் மிஞ்சும். இ-கோர்ட்ஸ் செயலியில், நீதிமன்றத்தில் ஒவ்வொரு வழக்குக்கும் தனியாகத் தரும் சி.என்.ஆர். எண்ணைப் போட்டால் வழக்கின் நிலையும் அடுத்த வாய்தாவும் தெரியும்.

விசாரணை அதிகாரி ‘மேல் நடவடிக்கை கைவிடப்பட்டது’ என்று எழுதி மூடிவிடுவதாகச் சிலரிடம் சொல்வதுண்டு. அந்த அறிக்கை நடுவர் முன் போய், அவர் ஏற்றுக்கொண்டால்தான் செல்லும். ஏற்றுக்கொண்ட உத்தரவின் நகல் கைக்கு வரும்வரை வழக்கு இருக்கிறது என்றே வைத்துக்கொள்ளுங்கள்.

எஃப்.ஐ.ஆர். நகலை மேசையில் விரித்து ஒவ்வொரு பிரிவாகப் படியுங்கள். 498ஏ தனியாக வருவது அபூர்வம். வரதட்சணைத் தடுப்புச் சட்டத்தின் 4-ஆம் பிரிவு கூட வரும். அந்தச் சட்டத்தின்கீழ் வரும் குற்றங்களும் சமரசத்துக்கு உரியவை அல்ல. பழைய தண்டனைச் சட்டப்படி பதிந்த வழக்கானால், ஆபாசமாகத் திட்டியதற்கு 294(பி), அடித்ததற்கு 323, மிரட்டியதற்கு 506, நகையைத் திருப்பித் தராததற்கு 406 இருக்கும். தமிழ்நாட்டு வழக்குகளில் 1998-ஆம் ஆண்டின் பெண்களுக்கு எதிரான துன்புறுத்தல் தடைச் சட்டத்தையும் சேர்ப்பார்கள். 323, 506 போன்றவற்றை நடுவர் முன்பே சமரசம் செய்துகொள்ளலாம். ஆனாலும் துண்டு துண்டாக முடிக்க முயலாதீர்கள். மொத்த வழக்கையும் ஒரே மனுவில் உயர் நீதிமன்றத்தின் முன் வைப்பதே நல்லது.

எதிரிகளின், அதாவது குற்றம் சாட்டப்பட்டவர்களின் பட்டியலையும் பாருங்கள். கணவர், மாமனார், மாமியார், நாத்தனார், கொழுந்தன், சில சமயம் சித்தப்பா வரை இருப்பார்கள். மனு எல்லோருடைய பெயரிலும் போக வேண்டும். கட்டிக் கொடுத்துத் திருப்பூரில் இருக்கும் நாத்தனாரை விட்டுவிட்டு மற்றவர்களுக்கு மட்டும் ரத்து வாங்கினால், அந்தப் பெண் ஒருத்திக்காக வழக்கு தொடர்ந்து நடக்கும்.

புகார்தாரர் யார் என்பதும் முக்கியம். 498ஏ-வில் பெண்ணின் தகப்பனாரோ அண்ணனோகூடப் புகார் கொடுக்கலாம். அப்படிக் கொடுத்திருந்தால் சமரசத்தில் அவரும் கையெழுத்திட வேண்டும், பாதிக்கப்பட்ட பெண்ணும் கையெழுத்திட வேண்டும்.

வாய்தாவை விடாதீர்கள்

இதைத் தனியாகச் சொல்லக் காரணம் இருக்கிறது. சமரசம் பேசி முடித்த மறுநாளிலிருந்து நடுவர் நீதிமன்றத்துக்குப் போவதை நிறுத்திவிடுகிறார்கள். நடுவருக்கு உங்கள் வீட்டுப் பஞ்சாயத்து தெரியாது. பெயர் கூப்பிடுவார்கள், ஆள் இல்லை, பிடிவாரண்டு பிறக்கும். குவாஷ் மனு தாக்கல் செய்துவிட்டாலும் கீழ் நீதிமன்ற விசாரணை தானாக நின்றுவிடாது. இடைக்காலத் தடை தனியாகக் கேட்டு வாங்க வேண்டும். அதுவரை நேரில் போங்கள், முடியாத நாளில் வக்கீல் மூலம் ஆஜர் விலக்கு மனு போடுங்கள்.

சமரசத்தை எழுதுவது

வேலையில் முக்கால்வாசி இங்கேதான். பின்னால் வரும் சிக்கல்களைப் பிரித்துப் பார்த்தால், ஒப்பந்தத்தில் ஒரு வரி எழுதாமல் விட்டதில் போய் முடியும்.

எங்கே பேசுவது? உறவினர் வீட்டிலும் ஊர்ப் பெரியவர்கள் முன்பும் பேசலாம், தப்பில்லை. ஆனால் கடலூரிலும் புதுச்சேரியிலும் நீதிமன்றத்தோடு இணைந்த சமரச மையம் இருக்கிறது. பயிற்சி பெற்ற சமரசர் நடுவில் உட்கார்ந்து பேசுவார், அங்கே பேசியது வெளியே போகாது. நீதிமன்றத்தோடு இணைந்த சமரச மையம் நாட்டிலேயே முதலில் 2005-இல் சென்னை உயர் நீதிமன்றத்தில்தான் தொடங்கியது. அங்கே எழுதிய ஒப்பந்தத்துக்கு நீதிபதியின் கண்ணில் தனி மதிப்பு உண்டு. மிரட்டி வாங்கிய கையெழுத்து என்று பின்னால் யாரும் எளிதில் சொல்ல முடியாது.

மனைவி தரப்பில் ஒரு வார்த்தை. கணவர் வீட்டார் ஏற்பாடு செய்த வக்கீலே உங்களுக்கும் எழுதிக் கொடுப்பார் என்றால் மறுத்துவிடுங்கள். சட்டப் பணிகள் ஆணைக்குழுச் சட்டத்தின்படி, வருமானம் எவ்வளவு இருந்தாலும் பெண்ணுக்கு இலவசச் சட்ட உதவி உரிமை. கடலூர் மாவட்ட ஆணைக்குழுவிலோ புதுச்சேரியில் உள்ள ஆணையத்திலோ கேட்டால் வக்கீலை நியமிப்பார்கள். 15100 என்ற எண்ணிலும் அழைக்கலாம். உங்கள் பக்கம் உங்களுக்காகப் படித்துப் பார்க்கும் ஒருவர் இல்லாமல் எந்தத் தாளிலும் கையெழுத்துப் போட வேண்டாம்.

ஒப்பந்தத்தில் எல்லா வழக்குகளின் எண்களும் வர வேண்டும். ஒரு தகராறில் குற்ற வழக்கு, குடும்ப வன்முறைச் சட்ட மனு, ஜீவனாம்ச மனு, விவாகரத்து மனு, குழந்தைக்கான மனு என்று ஐந்து ஓடும். கணவர் தரப்பும் பெண்ணின் அண்ணன் மீது ஒரு அடிதடி வழக்குப் போட்டிருக்கும். ‘எல்லா வழக்குகளையும் முடித்துக்கொள்கிறோம்’ என்று பொதுவாக எழுதினால் எந்த வழக்கு என்று நாளை சண்டை வரும். எண், ஆண்டு, நீதிமன்றம், அதை யார் எந்தத் தேதிக்குள் வாபஸ் பெற வேண்டும் என்பதை ஒவ்வொன்றாக எழுதுங்கள். குடும்ப வன்முறை மனுவும் ஜீவனாம்ச மனுவும் போட்டவரே திரும்பப் பெறக்கூடியவை.

நம் பக்கத்தில் இன்னொரு சிக்கலும் உண்டு. பெண்ணையாற்றுக்குத் தெற்கே கடலூர், வடக்கே பாகூர். பெண் கொடுப்பதும் எடுப்பதும் இரண்டு கரைக்கும் இடையே தினம் நடக்கிறது. தகராறு வந்தால் ஒரு வழக்கு தமிழ்நாட்டுக் காவல் நிலையத்தில், எதிர் வழக்கு புதுச்சேரிக் காவல் நிலையத்தில். புகுந்த வீட்டை விட்டு வந்த பெண், தாய்வீடு இருக்கும் ஊரிலேயே புகார் கொடுக்கலாம் என்று உச்ச நீதிமன்றம் 2019-இல் சொன்ன பிறகு இது இன்னும் சாதாரணம். நல்ல வேளையாக இரண்டுக்கும் உயர் நீதிமன்றம் ஒன்றுதான், அதுவும் சென்னை முதன்மை அமர்வு. மதுரைக்குப் போக வேண்டியதில்லை. இரண்டு வழக்குகளுக்கும் தனித்தனி மனு போட்டு ஒரே நாளில் பட்டியலிடக் கேட்கலாம்.

நகையைப் பற்றி. ‘நகைகள் அனைத்தும் ஒப்படைக்கப்பட்டன’ என்று எழுதாதீர்கள். ஆரம் 5 சவரன், வளையல் நான்கு 4 சவரன், தோடு ஒரு ஜோடி அரை சவரன் என்று வரிசையாக எழுதி, தராசில் வைத்து எடை பார்த்து, பக்கத்தில் இரு தரப்பும் சுருக்கொப்பமிட்டு, கைப்பேசியில் படமும் எடுத்துக்கொள்ளுங்கள். அடகில் இருக்கும் நகைக்கு அடகுச் சீட்டின் எண், மீட்டுத் தரும் தேதி, வட்டி யார் கட்டுவது எல்லாம் வர வேண்டும். பீரோ, கட்டில், வண்டி, குழந்தையின் பிறப்புச் சான்றிதழ், பெண்ணின் படிப்புச் சான்றிதழ்கள் ஆகியவற்றையும் அதே தாளில் எழுதுங்கள். சான்றிதழ்களைக் கேட்க மறந்துவிட்டு, வேலைக்கு விண்ணப்பிக்கும் நாளில் தவிக்கும் பெண்கள் நிறைய.

பணம் தருவதாக இருந்தால் தவணை முறை இரு தரப்பையும் காப்பாற்றும். ஒரு பகுதி பரஸ்பர விவாகரத்து மனுவின் முதல் விசாரணையில், ஒரு பகுதி இரண்டாம் விசாரணையில், மீதி குவாஷ் மனு நீதிபதி முன் வரும் நாளில். ரொக்கமாக வேண்டாம். டிமாண்ட் டிராப்டு அல்லது வங்கிப் பரிமாற்றம். அந்த வரி இப்படி இருக்கலாம்:

‘நிரந்தர ஜீவனாம்சத்தின் மூன்றாவதும் இறுதியுமான தவணையை முதல் தரப்பினர் டிமாண்ட் டிராப்டாக, சென்னை உயர் நீதிமன்றத்தில் தாக்கலாகும் குற்றவியல் மூல மனு விசாரணைக்கு வரும் நாளில் இரண்டாம் தரப்பினரிடம் ஒப்படைக்க வேண்டியது. அதைப் பெற்றுக்கொண்டு, மேற்கண்ட குற்ற வழக்கை ரத்து செய்ய ஆட்சேபணை இல்லை என இரண்டாம் தரப்பினர் நீதிமன்றத்தில் தெரிவிக்க வேண்டியது.’

பணம் முழுவதையும் வாங்கிக்கொண்டு, விவாகரத்தும் பெற்ற பிறகு, குற்ற வழக்குக்கு மட்டும் ஒத்துழைக்க மறுத்தால்? 2004-இல் அப்படி ஒரு வழக்கு உச்ச நீதிமன்றம் வரை போனது. சமரசத்தின் பலனை அனுபவித்துவிட்டு வழக்கைத் தொடர்வது சட்ட நடைமுறையைத் தவறாகப் பயன்படுத்துவது என்று சொல்லி நீதிமன்றமே அதை ரத்து செய்தது. பணத்துக்கும் கையெழுத்துக்கும் எழுத்தில் சாட்சி இருந்ததால்தான் அது நடந்தது.

குழந்தை இருந்தால் யாரிடம் வளர்வது, யார் எந்த நாளில் பார்ப்பது, பள்ளிக் கட்டணம், பாஸ்போர்ட்டுக்குக் கையெழுத்து என்பதையெல்லாம் எழுதுங்கள். ‘குழந்தைக்கு இனி எதுவும் கேட்க மாட்டேன்’ என்று தாயிடம் எழுதி வாங்குவது அநியாயம். அது செல்லவும் செல்லாது. பராமரிப்பு குழந்தையின் சொந்த உரிமை, தாய் அதை விட்டுக்கொடுக்க முடியாது.

பிரிவதா, சேர்வதா?

பிரிவதாக முடிவு என்றால் விவாகரத்தும் குவாஷ் மனுவும் இணையாக நகர வேண்டும். இந்து திருமணச் சட்டத்தின் 13பி பிரிவுப்படி ஓராண்டு பிரிந்து வாழ்ந்த பிறகு இருவரும் சேர்ந்து குடும்ப நல நீதிமன்றத்தில் மனுச் செய்யலாம். அடுத்த ஆறு மாதக் காத்திருப்பைத் தகுந்த வழக்குகளில் தளர்த்தலாம் என்று உச்ச நீதிமன்றம் 2017-இல் சொல்லியிருக்கிறது. ஏற்கெனவே ஒன்றரை ஆண்டு பிரிந்திருந்து, பணம், குழந்தை எல்லாம் பேசி முடித்திருந்தால் கேட்டுப் பாருங்கள். கிறிஸ்தவர்களுக்கும் பதிவுத் திருமணம் செய்தவர்களுக்கும் அவரவர் சட்டத்தில் இதற்கான பிரிவு உண்டு. முஸ்லிம்களுக்கு முபாரத் என்னும் பரஸ்பர விலகல் உண்டு. புதுச்சேரியில் ரெனோன்சான் வழிவந்த, அதாவது பிரெஞ்சு ஆட்சியில் தங்கள் மரபுச் சட்டத்தை விட்டு பிரெஞ்சு உரிமையியல் சட்டத்தை ஏற்றவர்களின் குடும்பங்களுக்கு இந்து திருமணச் சட்டமே பொருந்தாது. அவர்கள் அந்தப் பழக்கம் தெரிந்த புதுச்சேரி வக்கீலிடம் கேட்டுவிட்டு அடி எடுத்து வையுங்கள்.

சேர்ந்து வாழ்வதாக முடிவு என்றால், என் கருத்து வேறு: அவசரப்படாதீர்கள். அந்த வழக்கு அந்தப் பெண்ணுக்கு இருக்கும் ஒரே பிடிமானமாக இருக்கலாம். ‘முதலில் வழக்கை முடி, பிறகு அழைத்துப் போகிறோம்’ என்று நிபந்தனை போடும் வீட்டை நான் நம்பமாட்டேன். சில மாதங்கள் ஒன்றாக வாழ்ந்து பார்த்துவிட்டு, பெண்ணே மனமுவந்து வந்து சொல்லும்போது குவாஷ் மனு போடுங்கள். நீதிபதியும் சேர்ந்து வாழ்கிறீர்களா, எங்கே, எவ்வளவு காலமாக என்றுதான் கேட்பார். உறுதியான பதில் இருந்தால் மனு எளிதாக நகரும்.

சென்னைக்குப் போகும் மனு

மனுதாரர்கள் எதிரிகள் அனைவரும். முதல் எதிர்மனுதாரர் அரசு, அதாவது வழக்குப் பதிந்த காவல் நிலையத்தின் ஆய்வாளர். இரண்டாவது எதிர்மனுதாரர் புகார்தாரர். புதுச்சேரி வழக்குகளுக்கு உயர் நீதிமன்றத்தில் புதுச்சேரிக்கென்று தனி அரசு வக்கீல் உண்டு. தமிழ்நாட்டு அரசு வக்கீல் அலுவலகத்துக்கு நகல் கொடுத்துவிட்டுக் காத்திருந்தால் நாள் வீணாகும்.

மனுவோடு எஃப்.ஐ.ஆர். நகல், குற்றப்பத்திரிகை இருந்தால் அதன் நகல், இரு தரப்பும் அவரவர் வக்கீல்களும் கையெழுத்திட்ட கூட்டுச் சமரச மனு, புகார்தாரரின் பிரமாணப் பத்திரம், எல்லோருடைய ஆதார் நகல், விவாகரத்து ஆகியிருந்தால் தீர்ப்பின் நகல் ஆகியவை வேண்டும். பெயர் எஃப்.ஐ.ஆரில் ஒருவிதமாகவும் ஆதாரில் வேறுவிதமாகவும் இருந்தால் முன்கூட்டியே பிரமாணப் பத்திரத்தில் விளக்கிவிடுங்கள். முதலெழுத்து மாறியதற்காக அடுத்த வாரத்துக்குத் தள்ளிப்போகும் மனுக்கள் உண்டு. மே மாதம் கோடை விடுமுறை என்பதையும் கணக்கில் வைத்துக்கொள்ளுங்கள்.

விசாரணை நாளில் புகார்தாரர் நேரில் வர வேண்டியிருக்கும். நீதிமன்றம் அனுமதித்தால் காணொலியிலும் ஆஜராகலாம். காவல் நிலையத்திலிருந்து ஒருவர் வந்து அடையாளம் காட்ட வேண்டும் என்பதால், தேதி கிடைத்தவுடன் நிலையத்துக்கும் எழுத்தில் தெரிவியுங்கள். பஸ்ஸில் போகிறவர்கள் கிளாம்பாக்கத்தில் இறங்கி, வண்டலூரில் மின்சார ரயில் பிடித்தால் கோட்டை அல்லது கடற்கரை நிலையத்திலிருந்து உயர் நீதிமன்றத்துக்கு நடந்தே போய்விடலாம். மெட்ரோவில் உயர் நீதிமன்றம் என்ற பெயரிலேயே நிலையம் இருக்கிறது. காலை பத்தரைக்குள் அசல் ஆதார் அட்டையோடு நீதிமன்ற அறை வாசலில் இருக்கும்படி கிளம்புங்கள். காலையிலேயே கூப்பிட்டுவிடுவார்களா, மாலைவரை காத்திருப்பதா என்பது அன்றைய பட்டியலைப் பொறுத்தது.

உள்ளே நடப்பது சில நிமிடம்தான். பெயர் கூப்பிட்டதும் வக்கீல் முன்னால் அழைப்பார். வந்திருக்கும் பெண் காவலர் ‘இவர்தான் புகார்தாரர்’ என்பார். நீதிபதி அந்தப் பெண்ணைப் பார்த்துத் தமிழிலேயே கேட்பார்: பெயர் என்ன, என்ன படித்திருக்கிறீர்கள், இதில் எழுதியிருப்பது தெரியுமா, யாராவது கட்டாயப்படுத்தினார்களா, பணம் வந்து சேர்ந்ததா, குழந்தை யாரிடம் இருக்கிறது. டிராப்டு அந்த இடத்திலேயே கைமாறும். வழக்கை முடிக்கச் சம்மதமா என்று கடைசியாக ஒருமுறை கேட்பார். அந்த நேரத்தில் பக்கத்தில் நின்று யாரும் எடுத்துக்கொடுக்கக் கூடாது. பெண்ணுக்கு மனதில் ஒரு நெருடல் இருந்தால் அதைச் சொல்ல அதைவிடப் பாதுகாப்பான இடம் கிடையாது. தயங்காமல் சொல்லலாம். சம்மதம் உண்மை என்று பட்டால், கூட்டுச் சமரச மனு உத்தரவின் ஒரு பகுதியாக இருக்கும் என்று சொல்லி வழக்கை ரத்து செய்வார். மனுதாரர்கள் ஏதாவது ஒரு நிதிக்குத் தொகை செலுத்த வேண்டும் என்றும் சொல்லக்கூடும். சொன்ன கெடுவுக்குள் கட்டி, ரசீதைத் தாக்கல் செய்துவிடுங்கள்.

கணவர் சிங்கப்பூரிலோ வளைகுடாவிலோ பிரான்சிலோ இருந்தால், பிரமாணப் பத்திரத்தையும் அதிகாரப் பத்திரத்தையும் இந்தியத் தூதரகத்தில் சான்றொப்பம் பெற்று அனுப்பலாம். பிரான்ஸ் நோட்டரி முன் கையெழுத்திட்டால் அப்போஸ்டில் முத்திரை வேண்டும்.

‘பெண் சாட்சிக் கூண்டில் மாற்றிச் சொன்னால் போதுமே’

செலவு குறைவு என்று இந்த யோசனையைச் சிலர் சொல்வார்கள். வேண்டாம். தான் கொடுத்த புகாரையே சத்தியப் பிரமாணத்தின் மேல் பொய் என்று சொல்ல ஒரு பெண்ணைக் கூண்டில் ஏற்றுவது அவளைப் பொய்ச்சாட்சிக் குற்றத்துக்கு ஆளாக்கும் வேலை. ஆண் வீட்டாருக்கும் அதில் முழு நிம்மதி இல்லை. உதாரணமாக, மூன்றாம் எதிரியாகச் சேர்க்கப்பட்ட கொழுந்தன் போலீஸ் வேலைக்கு எழுதியிருக்கிறான் என்று வைத்துக்கொள்வோம். தமிழ்நாடு காவல் சார்நிலைப் பணி விதிகளின்படி, புகார்தாரர் பிறழ் சாட்சியானதால் கிடைத்த விடுதலையும் குற்ற வழக்கில் சம்பந்தப்பட்டதாகவே கருதப்படும். உயர் நீதிமன்ற ரத்து உத்தரவுக்காகச் செலவழிப்பது அந்தப் பையனுக்காகவும்தான்.

எது ரத்தாகாது?

வரதட்சணை மரணம், பாலியல் வன்கொடுமை போன்றவை இரு வீட்டாரின் சொந்த விஷயம் ஆகாது. சமரசம் சொல்லி அவற்றை முடிக்க நீதிமன்றம் சம்மதிக்காது. பெண்ணுக்குப் பதினெட்டு நிறைவதற்கு முன்பே கல்யாணம் நடந்து போக்சோ சேர்ந்திருந்தால், அது இங்கே சொன்ன எளிய பாதையில் போகாது. போக்சோ குற்றத்தைச் சமரசத்தின் பேரில் ரத்து செய்த உத்தரவு ஒன்றை உச்ச நீதிமன்றம் 2024-இல் செல்லாது என்று நீக்கியிருக்கிறது. கொலை முயற்சிப் பிரிவு இருந்தால் காயத்தின் தன்மையையும் ஆவணங்களையும் பார்த்து நீதிபதி முடிவு செய்வார். நடுவர் தண்டனை விதித்து மேல்முறையீடு நிலுவையில் இருந்தாலும் கதவு முழுதாக மூடிவிடாது. தண்டனைக்குப் பிறகும் இந்த அதிகாரத்தைப் பயன்படுத்தலாம் என்று உச்ச நீதிமன்றம் 2021-இல் சொல்லியிருக்கிறது.

உத்தரவு கைக்கு வந்த பிறகு

பலரும் இங்கேதான் தூங்கிவிடுகிறார்கள். சான்றிட்ட நகலைக் கூடுதலாகவே வாங்குங்கள். ஒன்றை நடுவர் நீதிமன்றத்தில் மெமோவோடு தாக்கல் செய்து, கோப்பு முடித்துவைக்கப்பட்டதா என்று அடுத்த வாய்தாவில் போய்ப் பாருங்கள். புதுச்சேரியில் கடலூர் சாலையில் உள்ள ஒருங்கிணைந்த நீதிமன்ற வளாகம் ஆனாலும், பண்ருட்டி, விருத்தாசலம், சிதம்பரம் நீதிமன்றங்கள் ஆனாலும் உத்தரவு தானாகப் பறந்து வந்து சேரும் என்று நம்பியிருக்காதீர்கள். இன்னொன்றைக் காவல் நிலையத்தில் கொடுத்து, பெற்றுக்கொண்டதாகக் கையொப்பமும் முத்திரையும் வாங்குங்கள். காவல் துறைப் பதிவில் வழக்கு ‘நிலுவை’ என்றே இருந்தால் அடுத்த சரிபார்ப்பில் அதுதான் தெரியும்.

ஜாமீனுக்காகப் பாஸ்போர்ட் ஒப்படைத்திருந்தால் அதைத் திரும்பப் பெறவும், ஜாமீன்தாரர்கள் கொடுத்த ஆவணங்களை விடுவிக்கவும் நடுவர் முன் தனி மனு போட வேண்டும். உங்களுக்காகக் கையெழுத்துப் போட்ட பக்கத்து வீட்டுக்காரரின் வண்டிப் புத்தகம் இன்னும் கோப்பிலேயே இருக்கலாம். பழைய பிடிவாரண்டு இருந்தால் அது திரும்பப் பெறப்பட்டதா என்று நீதிமன்றத்திலும் நிலையத்திலும் உறுதி செய்யுங்கள்.

வெளிநாட்டில் வேலை செய்பவர் மீது தேடுதல் (லுக் அவுட்) நோட்டீஸ் போடப்பட்டிருந்தால், வழக்கு ரத்தானாலும் அதைக் கேட்டு வாங்கிய காவல் அதிகாரி எழுதி அனுப்பினால்தான் விமான நிலையக் கணினியிலிருந்து நீங்கும். உத்தரவு நகலோடு மாவட்டக் காவல் கண்காணிப்பாளர் அலுவலகத்திலும், புதுச்சேரியானால் அங்குள்ள காவல் தலைமையகத்திலும் மனுக் கொடுத்து, நோட்டீஸ் நீக்கப்பட்டதற்கான பதிலை எழுத்தில் வாங்குங்கள். அந்தப் பதில் கையில் வரும்வரை டிக்கெட் எடுக்க வேண்டாம். எடுத்துத்தான் ஆக வேண்டும் என்றால் ரத்து உத்தரவின் சான்றிட்ட நகலைப் பெட்டியில் போடாமல் கைப்பையில் வைத்துக்கொள்ளுங்கள்.